மணல் நிற்கும் இடம்: ஒலியால் உருவாகும் உலகுக்கு ஒரு தத்துவம்

கேள்வி இதுதான். கன்னியாகுமரி மாவட்டத்தில், ஆரல்வாய்மொழிக் கணவாயை ஒட்டிய நாஞ்சில் நாட்டில் ஒரு மாயக்கதை நடக்கிறது. அந்த உலகில் ஒலியும் அதிர்வும்தான் பொருள்களை உருவாக்குகின்றன. "எல்லாமே அதிர்வு" என்று ஒரு குரு பேசிவிட்டார். அதற்கு மேல் கதை நகரவில்லை. வாசகர் நம்பும்படியும், கதைக்குள் சிக்கல் தானாக முளைக்கும்படியும் இந்தத் தத்துவத்தை எப்படிக் கட்டுவது?

முதலில் அந்தக் குருவின் வரியை எடுத்துவிடுங்கள். எல்லாவற்றுக்கும் பொருந்துகிற வரி எதையும் தடுக்காது. எதையும் தடுக்காத விதியை வைத்துக்கொண்டு கதை எழுத முடியாது. அதற்குப் பதிலாக ஒரு கேள்வியை வையுங்கள்: எல்லாம் அதிர்கிறது என்றால், உருவம் எங்கே தங்குகிறது?

இதற்கு விடை ஓர் உலோகத் தகட்டில் கிடைக்கும். எர்னஸ்ட் கிளாட்னி என்ற ஜெர்மானியர் 1787இல் வெளியிட்ட சோதனை. தகட்டின் மேல் மணலைத் தூவி, விளிம்பில் வயலின் வில்லை இழுத்தால் மணல் துள்ளி ஓடிக் கோடுகளாக நிற்கும். பலரும் இதைப் பார்த்துவிட்டு "ஒலி கோலம் போடுகிறது" என்று சொல்வார்கள். கூர்ந்து பாருங்கள். தகடு அதிரும் இடத்திலிருந்து மணல் துரத்தப்படுகிறது. அதிராத கோட்டில் போய் ஒதுங்குகிறது. அந்த அசையாத இடத்துக்குப் பள்ளிப் பாடநூலில் கணு என்று பெயர். அதிகமாக ஆடும் இடம் எதிர்க்கணு. ஆக, நாம் காண்கிற உருவம் அதிர்வு இல்லாத இடங்களின் வரைபடம். உங்கள் கதைக்கு வேண்டிய முதல் சூத்திரம் இது. இந்தத் தத்துவத்துக்குக் கணுநெறி என்று பெயர் வைத்துக்கொள்வோம்.

எழுதுமுன் இதைக் கையால் செய்து பாருங்கள். ஒரு பக்கம் 20 முதல் 24 செ.மீ. உள்ள சதுர எஃகு அல்லது பித்தளைத் தகடு, 1 மி.மீ. தடிமன். சரியாக நடுவில் துளையிட்டு, கனமான மரக்கட்டையில் நட்டு போல்ட்டால் இறுக்குங்கள். ஆற்றுமணலைக் கழுவி, வெயிலில் நன்றாகக் காயவைத்து, சல்லடையில் சலித்து ஒரு மேசைக்கரண்டி அளவு தூவுங்கள். ரோசின் (வயலின் வில்லுக்குப் பூசும் பிசின்) தடவிய வில்லை விளிம்புக்குச் செங்குத்தாகப் பிடித்து, மேலிருந்து கீழாக இழுக்க வேண்டும். ஒரு பக்கத்தின் நடுவில் விரலை வைத்துக்கொண்டு மூலைக்கு அருகில் வில்லை இழுத்தால் மணல் கூட்டல் குறியாக நிற்கும். விரலை மூலைக்கு மாற்றி, பக்கத்தின் நடுவில் இழுத்தால் பெருக்கல் குறியாகும். தகடும் மணலும் வில்லும் அதேதான். விரல் மட்டும் இடம் மாறியிருக்கிறது. விரல் பட்ட இடம் அசையக் கூடாது என்று கட்டாயப்படுகிறது. மற்றக் கணுக்கள் அதற்கேற்ப அமைகின்றன.

சரியாக வராவிட்டால் காரணம் பெரும்பாலும் நாலில் ஒன்று. நட்டு தளர்ந்திருந்தால் தகடு கடகடக்கும், சுரம் எழாது. மணலில் ஈரம் இருந்தால் துள்ளாமல் ஒட்டிக்கொள்ளும். ரோசின் போதாவிட்டால் வில் வழுக்கிக்கொண்டு போகும். மணல் அதிகமானால் அதன் எடையே தகட்டை அடக்கிவிடும். மணவாளக்குறிச்சிக் கடற்கரைக் கருமணலைச் சோதனைக்கு எடுக்க வேண்டாம். அதில் கலந்திருக்கும் மோனசைட் என்ற கனிமத்தில் கதிரியக்கமுள்ள தோரியம் உண்டு. கதைக்குள் அந்த மணலைத் தாராளமாகப் பயன்படுத்தலாம். அதிலுள்ள இல்மனைட் என்ற கனிமம் சாதாரண மணலைவிட ஏறத்தாழ ஒன்றே முக்கால் மடங்கு கனமானது. கணுவைக் காட்டிக்கொடுக்கும் மணல் சொந்த ஊர்க் கடற்கரையிலேயே கிடக்கிறது என்பது எழுதுகிறவருக்குப் பெரிய வசதி.

கணுநெறியில் வேலை செய்பவர்கள் இரண்டு பேராக இருக்க வேண்டும் என்று நான் சொல்வது இந்த விரலை வைத்துத்தான். ஒருவர் ஒலியை எழுப்புகிறவர். மற்றவர் எங்கே அசையக் கூடாது என்று தீர்மானிக்கிறவர். முன்னவரை எல்லோருக்கும் தெரியும், மாலை போடுவார்கள். பின்னவர் யார் கண்ணிலும் படமாட்டார். ஆனால் உருவத்தைத் தீர்மானிப்பது அவர் கை. இந்த இருவருக்கும் நடுவிலுள்ள உறவு அண்ணன் தம்பியாகவோ மாமன் மருமகனாகவோ இருந்தால் பாதிக் கதை தானே எழுந்துவிடும்.

இரண்டாவது சூத்திரம் இன்னும் முக்கியமானது. அதே தகட்டில் மணலுக்குப் பதிலாக மிக நுண்ணிய தூளைத் தூவினால், அது கணுவுக்குப் போகாது. தகடு அதிகமாக ஆடும் இடத்தில் போய்க் குவிந்து சுழலும். ஒரு சிட்டிகை முகப்பவுடரை மணலோடு கலந்து பாருங்கள்: மணல் ஒரு பக்கம், பவுடர் எதிர்ப்பக்கம் என்று பிரிந்துவிடும். மைக்கேல் ஃபாரடே 1831இல் இதற்குக் காரணம் சொன்னார். ஆடும் தகடு தன் மேலுள்ள காற்றைச் சுழலவைக்கிறது. அந்தச் சிறு காற்றோட்டம் லேசான தூளை எதிர்க்கணுவுக்கு இழுத்துக்கொண்டு போகிறது. மணல் கனமானது, காற்றுக்கு மசியாது. காற்றை உறிஞ்சி எடுத்த கண்ணாடிக் கூட்டுக்குள் அதே சோதனையைச் செய்தபோது நுண்தூளும் மணலைப் போலவே கணுவில் போய் நின்றது.

இதைத் தத்துவமாக்குங்கள். கனமானது அமைதியில் தங்கும். நுண்ணியது ஆட்டத்தில் தங்கும். உடம்பு கணுவில், உயிர் எதிர்க்கணுவில். இரண்டையும் பிரித்து வைப்பது காற்று. காற்று முழுக்க அற்ற இடத்தில் உயிரும் உடம்பும் ஒரே கோட்டில் உறைந்துவிடும். இதிலிருந்து எத்தனை காட்சிகள் வருகின்றன பாருங்கள். மூச்சடக்கிப் பழகுகிறவருக்கு ஏன் உடம்பு கல்லாகிறது, மூடிய நிலவறையில் ஏன் எந்த மந்திரமும் பலிக்காது, கணவாய்க் காற்று ஓய்ந்த நாளில் ஏன் ஊர் பயப்படுகிறது என்பதற்கெல்லாம் தனித்தனியாக விதி எழுத வேண்டாம். ஒரே விதியின் விளைவுகள் அவை. மாயக்கதையில் வாசகர் நம்பிக்கை வைக்கும் இடமும் அதுதான்: ஆசிரியர் சொல்லாத விளைவைத் தானே ஊகித்து, அது கதையில் நடக்கும்போது.

அடுத்து ஆற்றல் கணக்கு. ஒலியை வைத்து மலையைப் பிளக்கிறார்கள், கோட்டையைத் தூக்குகிறார்கள் என்று எழுதும் இடத்தில் பெரும்பாலான கதைகள் சறுக்குகின்றன. சாதாரணப் பேச்சில் வெளிப்படும் ஒலி ஆற்றல் ஏறத்தாழ ஒரு வாட்டில் லட்சத்தில் ஒரு பங்கு. 200 மி.லி. தண்ணீரை 30 டிகிரியிலிருந்து 90 டிகிரிக்குக் கொண்டுவர 50,000 ஜூல் வேண்டும். பேசியே அதைச் சூடாக்க வேண்டுமென்றால், ஒரு துளி வெப்பமும் வீணாகாது என்று வைத்துக்கொண்டாலும் 150 ஆண்டுகளுக்கு மேல் பேச வேண்டும். ஆகவே ஒலியின் பலத்தால் எதுவும் நடக்கக் கூடாது. ஒத்ததிர்வால் நடக்க வேண்டும். ஊஞ்சலைச் சரியான நேரத்தில் விரலால் தொட்டுத் தொட்டு உயர ஏற்றுவது போல, பொருளின் சொந்த அதிர்வெண்ணைக் கண்டுபிடித்து, அதே கணக்கில் சிறுகச் சிறுக ஊட்ட வேண்டும். பொருளுக்குள் இல்லாத சுருதிக்கு அது மசியாது. கணுநெறியின் மூன்றாவது சூத்திரமாக இதை வையுங்கள்: எந்தப் பொருளையும் அது ஏற்கெனவே ஆகக்கூடிய ஒன்றாக மட்டுமே ஆக்க முடியும்.

ஒவ்வொரு பொருளின் சுருதியும் எதனால் தீர்மானமாகிறது என்பதைச் சரியாக எழுதினால் கதை கனம் பெறும். சுசீந்திரம் தாணுமாலயன் கோயில் அலங்கார மண்டபத்தில் கருங்கல் இசைத்தூண்கள் உண்டு. ஒரே கல்லில் செதுக்கிய மெல்லிய தூண்களின் கொத்து. தட்டினால் சுரம் எழும். இப்படி வளைந்து அதிரும் தண்டிலும் சரி, தகட்டிலும் சரி, வடிவம் மாறாமல் தடிமனை இரட்டித்தால் அதிர்வெண் இரண்டு மடங்காகும்; நீளத்தை இரட்டித்தால் நாலில் ஒன்றாகும், அதாவது இரண்டு ஸ்தாயி கீழே இறங்கும். கல்லுக்குள் மயிரளவு வெடிப்பு இருந்தாலும் நாதம் செத்து "தொப்" என்று ஒலிக்கும். சிற்பிகள் கல்லைத் தட்டிப் பார்த்து ஆண் கல், பெண் கல், அலி கல் என்று பிரிப்பது இந்த ஓசையை வைத்துத்தான். ஓசை எழாத கல்லை மூர்த்திக்கு எடுப்பதில்லை. உங்கள் உலகில் ஒருவர் பொருளின் சுருதியைக் கண்டறியும் முதல் காட்சிக்கு இந்தத் தட்டிப் பார்க்கும் விரல் முட்டியே போதும். ஒளிவட்டம் வேண்டாம்.

இனி நாஞ்சில் நாட்டுக்கே உரிய கருவிக்கு வருவோம். வில்லுப்பாட்டில் வில், வீசுகோல், உடுக்கை, தாளம், கட்டை, குடம் எல்லாம் சேர்ந்து ஒலிக்கும். இவற்றில் குடத்தைக் கதையின் மையக் கருவியாக எடுத்துக்கொள்ளச் சொல்வேன், ஏனென்றால் அதன் கணக்கு எளிது. 10 லிட்டர் கொள்ளும் மண்குடம், வாய் 10 செ.மீ. அகலம், கழுத்து 5 செ.மீ. உயரம் என்றால், உள்ளே அடைபட்ட காற்றின் சுருதி ஏறத்தாழ 140 ஹெர்ட்ஸ். பாதிவரை தண்ணீர் ஊற்றினால் ஏறத்தாழ 200. தண்ணீர் நிறைய நிறையக் குடத்தின் ஓசை மேலேறுவதை வீட்டில் எல்லோரும் கேட்டிருப்பார்கள்.

இப்போது பிழை எங்கே நுழைகிறது என்று பாருங்கள். காற்று சூடானால் ஒலியின் வேகம் கூடும்: 25 டிகிரியில் நொடிக்கு 346 மீட்டர், 35 டிகிரியில் 352. ஆகவே இரவில் 140க்கு ஒலித்த அதே குடம், மறுநாள் உச்சியில் 142க்கு மேல் ஒலிக்கும். வெறும் இரண்டு ஹெர்ட்ஸ்தான். ஆனால் 140இல் ஒருவரும் 142இல் ஒருவருமாகச் சேர்ந்து ஒலித்தால் நொடிக்கு இரண்டு விம்மல் எழும். ஒலி கூடும், குறையும், மறுபடி கூடும். ஒவ்வொரு அரை நொடிக்குள்ளும் ஏற்றியது இறங்கிவிடும். கோயில் கொடைவிழா இரவில் குருவிடம் கற்ற சீடன் பகலில் தனியாக முயன்று தோற்பதற்கு இதைவிட நல்ல காரணம் வேண்டாம். அவன் பாடியது சரி, குடம் மாறிவிட்டது. குருவுக்குக் கணக்குத் தெரியாமல் இருக்கலாம். "ராத்திரிக் குடத்தைப் பகல்ல தொடாத மக்கா" என்று மட்டும் சொல்லியிருப்பார். காரணம் தெரியாத சரியான விலக்கு, ஒரு கற்பனை மரபுக்கு உண்மையான மரபின் சாயலைக் கொடுக்கும்.

வில்லுப்பாட்டின் வரிசையையும் அப்படியே சடங்கின் அமைப்பாக எடுக்கலாம்: காப்பு, வருபொருள் உரைத்தல், குருவடி பாடுதல், அவையடக்கம், நாட்டுவளம், கதை, கடைசியில் வாழி. காப்பில் எல்லையைக் கட்டுகிறார்கள். வருபொருளில் எதை அதிரவைக்கப் போகிறோம் என்று அறிவிக்கிறார்கள். குருவடியில் சுருதி சேர்க்கிறார்கள். அவையடக்கத்தில் கூடியிருப்பவர்களைக் கணக்கில் எடுக்கிறார்கள். மனித உடம்பும் துணியும் ஒலியை உறிஞ்சும் என்பதால் வெறும் மண்டபமும் நிறைந்த மண்டபமும் ஒன்றல்ல. வாழி என்பது அணைத்தல், எழுப்பிய அதிர்வைப் படிப்படியாக அடக்குவது. வாழி பாடாமல் எழுந்தால் என்ன ஆகும் என்பது உங்கள் கதையின் விபத்து. அதிர்வு உடனே நிற்காது. பிடிமானம் இல்லாத கணுக்கள் நகரத் தொடங்கும், மணல் போன இடமெல்லாம் உருவமும் போகும். ஒன்றை மட்டும் கேட்டுக்கொள்கிறேன். சுடலைமாடன், முத்தாரம்மன் பெயர்களை மந்திரக் கருவியாக்காதீர்கள். அந்தப் பாட்டு இன்றும் கோயில் கொடைகளில் வழிபாடாகப் பாடப்படுகிறது. அமைப்பை எடுங்கள், தெய்வங்களை அவர்கள் இடத்தில் விட்டுவிட்டு உங்கள் உலகுக்கு வேறு பெயர்கள் வையுங்கள்.

பொருளையே மாற்றிச் சுருதியைப் பெறுகிற வழியும் உண்டு. அதற்கு மிருதங்கம் நல்ல பாடம். வெறும் தோலை இழுத்துக் கட்டினால் அதன் மேற்சுரங்கள் அடிப்படையின் 1.59, 2.14, 2.30 மடங்கு என்று ஒன்றோடொன்று சேராமல் நிற்கும், அதனால் இரைச்சல். வலது பக்கத் தோலான வலந்தலையின் நடுவில் சோற்றுப் பசையும் கிட்டக் கல் பொடியும் குழைத்துக் கருஞ்சோறு ஏற்றும்போது அவை 2, 3, 4, 5 என்ற முழு மடங்குகளுக்கு வந்து சேர்கின்றன. சி.வி. ராமன் 1920இல் இதை எடுத்துக்காட்டினார். கருஞ்சோற்றை மெல்லிய அடுக்குகளாகப் பூசி, ஒவ்வொன்றையும் கல்லால் தேய்த்துக் காயவைத்துத்தான் அடுத்தது. அவசரப்பட்டு மொத்தமாக அப்பினால் காய்ந்து பிளந்துவிடும். கணுநெறியில் ஓர் ஆளையோ ஊரையோ "சேர்க்கும்" வித்தைக்கு இதே ஒழுங்கை வையுங்கள்: நடுவில் கனம் ஏற்ற வேண்டும், அடுக்கடுக்காக ஏற்ற வேண்டும், அவசரப்பட்டால் வெடிக்கும்.

பழைய நூல்களிலிருந்து எடுக்க என்ன இருக்கிறது என்ற கேள்வி இயல்பாக வரும். பரிபாடலின் இரண்டாம் பாட்டு, வானத்தில் ஓசை தோன்றிய ஊழியை முதலில் வைத்து, பிறகு காற்று, தீ, நீர், நிலம் என்று போகிறது. தமிழில் ஒலிமுதல் உலகுக்கு அதுவே போதுமான வேர். தொல்காப்பியம் மாத்திரைக்குக் கண்ணிமைப்பையும் கைநொடிப்பையும் அளவாகச் சொல்கிறது: குறிலுக்கு ஒன்று, நெடிலுக்கு இரண்டு, மெய்க்கு அரை. மந்திரங்களின் நீளத்தை இந்தக் கணக்கில் வைத்தால் வாசகர் விரல் சொடுக்கிச் சரிபார்க்கலாம். வடமொழி இசை நூல்கள் சொல்லும் ஆகத (தட்டி எழுவது), அநாகத (தட்டாமல் எழுவது) நாதப் பிரிவு அழகானதுதான். ஆனால் தட்டாமல் எழும் நாதத்துக்கு வரம்பு கிடையாது. அதைக் கையில் எடுத்தால் மேலே கட்டியதெல்லாம் தளர்ந்துவிடும். 432 ஹெர்ட்ஸ் பிரபஞ்ச அதிர்வெண் என்ற பேச்சை அண்டவே விடாதீர்கள். ஹெர்ட்ஸ் என்பது நொடிக்கு இத்தனை என்ற கணக்கு. நொடி மனிதர்கள் வகுத்த அளவு. உங்கள் உலகில் விகிதம் பேசட்டும்: சட்ஜத்துக்குப் பஞ்சமம் 3:2. பாடுகிறவர் ஒரு கட்டைச் சுருதியில் பாடினாலும் ஐந்தரைக் கட்டையில் பாடினாலும் அது மாறாது.

கதையின் நிலவியல் தானாகவே நாடகம் தரும். தென்மேற்குப் பருவக் காற்று ஜூன் முதல் செப்டம்பர் வரை கணவாய் வழியாக மேற்கிலிருந்து கிழக்கே பாய்கிறது. முப்பந்தலில் காற்றாலைகள் நிற்பது அதனால்தான். காற்று போகும் திசையில் ஒலி தரையை நோக்கி வளைந்து வெகுதூரம் கேட்கும். எதிர்த்திசையில் மேலே வளைந்து போய்விடும், கீழே நிற்பவருக்குக் கேட்காது. ஆக ஆடி மாதம் முழுக்க மேற்கே உள்ளவர் சொல் கிழக்கே பலிக்கும், கிழக்கே உள்ளவர் சொல் மேற்கே சேராது. காற்று ஓய்ந்த தெளிந்த இரவுகளில் தரையருகே காற்று குளிர்வதால் ஒலி கீழே வளையும். அப்போது இரு பக்கமும் சமம். தோல் நாணும் தோல் வாரும் ஈரத்தில் தொய்யும் என்பதையும் சேருங்கள். தென்மேற்கும் வடகிழக்கும் இரண்டு மழையும் பெறும் மாவட்டம் இது. நன்றாக வேலை நடக்கும் மாதங்கள் குறைவு.

இந்த வித்தைக்கு விலை என்ன என்பதையும் உடம்பிலிருந்தே எடுங்கள். பலத்த ஓசைக்குத் தொடர்ந்து ஆளாகும் காது முதலில் இழப்பது 4,000 ஹெர்ட்ஸை ஒட்டிய பகுதியை. அங்கே கேட்காமல் போனால் பேச்சு காதில் விழும், ஆனால் ச, ஸ போன்ற மெய்கள் மங்கும். மூத்த கணுக்காரர் பாதிச் சொல்லை உதட்டைப் பார்த்து ஊகிக்கிறார், யாரிடமும் சொல்லவில்லை. ஒரு நாள் மந்திரத்தில் ஓர் எழுத்தைச் சீடன் தவறாகச் சொல்வதை அவர் திருத்தாமல் விட்டுவிடுகிறார்.

கடைசியாக, தத்துவத்துக்குள் பிளவு வேண்டும். ஒரே குரலில் பேசும் நெறி கதைக்கு உதவாது. ஒரு கட்சி கணுவே மெய் என்கிறது: நிலைத்திருப்பது மட்டும்தான் உண்டு. எதிர்க்கட்சி ஆட்டமே மெய் என்கிறது: கணு என்பது ஆட்டம் ஒன்றையொன்று அடித்துக்கொண்ட வெற்றிடம். மூன்றாவது கட்சியைத்தான் நான் கதாநாயகியின் பக்கம் நிறுத்துவேன். அவர்கள் கேட்பது: தகட்டின் விளிம்பு எங்கே முடிகிறது? சதுரத் தகட்டில் வருகிற கோலம் வட்டத் தகட்டில் வராது. அங்கே வட்டங்களும் ஆரக்கோடுகளும்தான் வரும். வெட்டிச் சிறிதாக்கினால் எல்லாக் கணுவும் இடம் மாறும். உருவத்தைத் தருவது எல்லை. 1956 நவம்பர் 1 வரை திருவிதாங்கூர்-கொச்சி மாநில நிலமாக இருந்து, அன்று முதல் இன்றைய தமிழ்நாட்டின் பக்கம் வந்த மண்ணில் இந்த வாதத்துக்கு விளக்கம் தேவைப்படாது. எல்லைக்கல்லை நகர்த்துகிற ஒரு செயலை உச்சக்கட்டமாக வையுங்கள். கல் நகர்ந்ததும் எந்த வீட்டின் சுவர் எந்தக் கணுவை இழக்கிறது, எந்தக் கிணற்றில் ஓசை மாறுகிறது என்று முன்பே ஒரு தாளில் வரைந்துகொண்டு, அந்த வரைபடத்திலிருந்து பின்னோக்கி அத்தியாயங்களை எழுதி வாருங்கள். விரல் வைப்பவர் அப்போது எந்தப் பக்கம் நிற்கிறார் என்பதை மட்டும் முதல் அத்தியாயம் எழுதுமுன்பே முடிவுசெய்துவிடுங்கள். அதைப் பிறகு மாற்றினால் மற்ற எல்லாவற்றையும் மாற்ற வேண்டிவரும்.